எக்ஸ்-15உம் ஒரு குங்குமப் பொட்டும்

எனக்கு யாராவது பாடம் நடத்தினால் பிடிக்காது. அதுவும் காலை ஆறரை மணிக்கு, ஹெல்மெட் போட்டு வரிசையில் நிற்கவைத்து நடத்தினால் சுத்தமாகப் பிடிக்காது. ஷார்ஜாவைத் தாண்டி, எண்ணெய்க் குழாய் செய்கிற எங்கள் யார்டில் தினமும் அது உண்டு. டூல்பாக்ஸ் டாக் என்று பெயர். பத்து நிமிடம் யாராவது பேசுவார்கள். நாங்கள் தூங்காத மாதிரி நிற்போம்.

ஒரு நாள் பேச வந்தவர் கியூசி மேடம். கோயம்புத்தூர்க்காரர், என்னைவிடப் பத்து வயதாவது சின்னவர், கணவர், குழந்தையோடு அல் குசைஸில் குடியிருந்தார். வெல்டர் போட்ட ஜாயின்டைப் பார்த்து, எக்ஸ்ரே படம் எடுக்கவைத்து, சரி அல்லது சரியில்லை என்று எழுதுவது அவர் வேலை. அந்த ஜாயின்டுகளைப் போடுகிறவன் நான். எங்களுக்குள் எப்படி இருந்திருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

கையில் ஒரு துண்டுக் குழாயைத் தூக்கிக் காட்டினார். நிக்கல் கலந்த உலோகம். யார்டில் இன்கோனல் என்போம். இரும்பைப் போல இருக்கும், இரும்பின் குணம் ஒன்றும் இருக்காது. அதை வெல்டு செய்யத் தனி டெஸ்ட் பாஸ் பண்ணியிருக்க வேண்டும். அந்த யார்டில் அப்போது அப்படி ஆறு பேர் இருந்தோம். ஆறு பேரில் நான் சீனியர்.

"இந்த மெட்டல்ல ஒரு ப்ளேனே செஞ்சு பறக்க விட்டிருக்காங்க தெரியுங்களா? சத்தத்தோட வேகத்தை விட ஆறு மடங்குக்கும் மேல போச்சு. அவ்வளவு சூட்டையும் தாங்குச்சு. ஆனா அழுக்கு மட்டும் இதுக்கு ஆகாதுங்க. கிரீஸு, மார்க்கர் மை, ஈயம், கந்தகம், எது ஒட்டியிருந்தாலும் வெல்டு பண்றப்ப வெடிச்சுப் போயிரும். உள்ளயும் வெளியயும் நல்லா துடைச்சுட்டு அப்புறம் கைய வைங்க."

அழுக்கு விஷயம் எனக்குத் தெரிந்ததுதான். ப்ளேன் விஷயம்தான் உறுத்தியது.

"ப்ளேன் அலுமினியத்துலதானே மேடம் செய்வாங்க?" என்று கேட்டேன். வரிசையில் நாலு பேர் சிரித்தார்கள். எனக்கு வேண்டியதும் அதுதான்.

"நம்ப வேண்டாங்ணா. போன்ல தேடிப் பாருங்க," என்றார்.

அவர் சொன்னது பொய் என்று நிரூபிப்பதற்காகத்தான் மதியச் சாப்பாட்டு நேரத்தில் தேடினேன். அவர் சொன்னது அப்படியே இருந்தது. எங்கள் குழாயின் உலோகமும் அந்த விமானத்தின் உலோகமும் அச்சு அசல் ஒன்றல்ல. அண்ணன் தம்பி முறை. அந்த அளவுக்காவது குறை கண்டுபிடித்தேனே என்று கொஞ்சம் ஆறுதலாக இருந்தது. பிறகு போனை வைக்க முடியவில்லை.

நாற்பதுகளின் கடைசியில் அமெரிக்காவில் ஆரம்பிக்கிறது அந்தக் கதை. ஒலியின் வேகத்தை நெருங்கினால் விமானம் சிதறிவிடும் என்று பலர் பயந்த காலம். ஆரஞ்சு நிறத்தில், துப்பாக்கிக் குண்டின் வடிவத்தில் ஒரு ராக்கெட் விமானம் செய்து, பெரிய விமானத்தின் வயிற்றில் தொங்கவிட்டு, மேலே கொண்டுபோய் நழுவவிட்டார்கள். அது ஒலியைத் தாண்டியது, சிதறவில்லை. அதன் பின்னால் வந்த ஒன்று ஒலியைப் போல மூன்று மடங்கைத் தொட்டது. தொட்ட அன்றே நிலை தடுமாறி விழுந்து பைலட்டைக் கொன்றது. இதற்கெல்லாம் பிறகு வந்ததுதான் எக்ஸ்-15. கரிய நிறம், நீண்ட மூக்கு, குட்டையான இறக்கை. மொத்தம் மூன்றே மூன்று செய்தார்கள். அதை யாரும் விற்கவில்லை, யாரும் டிக்கெட் வாங்கி ஏறவில்லை. வேகமாகப் போனால் எங்கே சூடேறும், எங்கே வளையும், எங்கே உடையும் என்று கண்டுபிடிப்பதற்காகவே செய்யப்பட்ட விமானம்.

நான் தேடியது வெல்டரை. ஓட்டிய பைலட்டுகளின் பெயர் எல்லாப் பக்கத்திலும் இருந்தது. கட்டிய கம்பெனி, பணம் கொடுத்தவர்கள், கைகுலுக்கியவர்கள், எல்லோரும் இருந்தார்கள். அந்தப் பிடிவாதம் பிடித்த உலோகத்தை உருக்கி ஒட்டவைத்தவனைப் பற்றி ஒரு வரி இல்லை. எனக்கு வந்த எரிச்சலைச் சொல்லி மாளாது. கடைசியில் ஒரு பழைய படச்சுருளில் இரண்டு விநாடி அகப்பட்டான். முகமூடி போட்டுக் குனிந்திருக்கிறான். முகம் தெரியவில்லை. அந்த இரண்டு விநாடியைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன்.

இதையெல்லாம் என்னோடு பார்க்க ஓர் ஆள் கிடைத்தான். பீகாரில் சிவான் பக்கத்துக்காரன், என்னைவிட நாலைந்து வயது இளையவன். நிக்கல் டெஸ்ட் பாஸ் பண்ணி வந்து நாலு மாதம் ஆகியிருந்தது. முதல் ஆறு மாதம் புரபேஷன். அதற்குள் ஏதாவது தவறு நடந்தால் கேள்வி கிடையாது, ஊருக்கு டிக்கெட்தான். சோனாப்பூர் லேபர் கேம்பில் ஒரே ரூம், எதிரெதிர் கட்டில். அளந்துதான் பேசுவான். வேலைக்குப் போடும் சட்டையைக்கூட இஸ்திரி போடுகிற ஆள். எல்லோரும் என்னை இந்தியில் பாய் என்றால் அவன் மட்டும் அண்ணா என்பான், யாரிடம் கற்றானோ.

கேம்பிலிருந்து யார்டுக்குப் பஸ்ஸில் ஒரு மணி நேரம். இயர்போனில் ஆளுக்கு ஒரு காது. என் இந்தி ஓட்டை, அவனுக்குத் தமிழ் கிடையாது. ஆனாலும் விமானத்தைப் பற்றிப் பேசிக்கொள்ள அது போதுமாக இருந்தது.

"எஞ்சின் எவ்வளவு நேரம் எரியும்?" என்று கேட்டான்.

"ஒன்றரை நிமிஷம், அவ்வளவுதான்."

"அப்புறம்?"

"அப்புறம் எஞ்சின் கிடையாது. சும்மா மிதந்து இறங்கணும்."

"இறங்குற எடம் தப்பிப்போனா? சுத்தி வந்து இன்னொரு தரம் இறங்கலாமா?"

"மாஃபி," என்றேன். இல்லை என்பதற்கு வளைகுடாவில் எல்லோருக்கும் தெரிந்த அரபிச் சொல் அது.

காய்ந்துபோன ஏரிகளில்தான் அதை இறக்குவார்கள், கால் புதையும் மண்ணில்லாமல் கட்டாந்தரையாக இருக்கும், பின்பக்கம் சக்கரம்கூடக் கிடையாது, இரண்டு உலோகச் சறுக்குக் கட்டைகள்தான் என்று சொன்னேன். ஜன்னலுக்கு வெளியே உப்புப் பூத்த சப்கா தரை கண்ணுக்கெட்டிய மட்டும் கிடந்தது.

"இங்கே இறக்கலாம்," என்றான்.

"இறக்கலாம். செக்யூரிட்டி கேட் பாஸ் கேப்பான்," என்றேன். அவன் சிரித்து நான் பார்த்தது அன்றுதான்.

நாங்கள் பார்த்த படத்தில் ஒரு பைலட் விமானத்தின் மூக்கைக் கொஞ்சம் அதிகமாகத் தூக்கிவிட்டு, காற்றின் மேலேயே வழுக்கிக்கொண்டு, இறங்க வேண்டிய ஏரியைத் தாண்டி எங்கேயோ போய்விட்டார். எஞ்சின் இல்லாமல் மெல்லத் திரும்பி வந்து ஏரியின் தூர ஓரத்தில் இறங்கினார். இன்னொரு தடவை சூட்டில் ஜன்னலின் சட்டம் வளைந்து கண்ணாடி விரிசல் விட்டது. சட்டத்தின் உலோகத்தை மாற்றிவிட்டு மறுபடி பறந்தார்கள். ஒரு பைலட் மட்டும் திரும்பி வரவில்லை. அந்தப் பகுதியை நாங்கள் ஒருமுறைதான் பார்த்தோம். அவன் இயர்போனைக் காதிலிருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு, முடியும்வரை படத்தை மட்டும் பார்த்தான்.

அக்டோபரில் ஆயுத பூஜை வந்தது. எங்கள் யார்டில் அதற்கு லீவு கிடையாது, தடையும் கிடையாது. மதிய இடைவேளையில் அரை மணி நேரம். ஃபோர்மேன் பாகிஸ்தானி. "கரோ, கரோ, ஜல்தி கரோ," செய்யுங்கள், சீக்கிரம் என்று சொல்லிவிட்டுத் தள்ளி நின்று பார்ப்பார், பிறகு பொரிகடலையை இரண்டு தடவை வாங்கித் தின்பார். பூசணிக்காய் உடைக்க சேஃப்டி ஆபீசர் விடமாட்டார், வழுக்கி விழுவார்களாம். சந்தனமும் குங்குமமும் பர்துபாயில் கோயில் இருந்த சந்தில் நானே வாங்கி வந்தவை. வெல்டிங் மெஷினுக்கு, கிரைண்டருக்கு, ஆர்கான் சிலிண்டருக்கு, வைஸுக்கு என்று வரிசையாகப் பொட்டு வைத்துக்கொண்டு போனேன்.

நிக்கல் குழாய்களுக்கு மட்டும் தனி இடம். பிளாஸ்டிக் திரை போட்டு, இரும்புத் தூசி உள்ளே வராமல் வைத்திருப்பார்கள். குழாய்களின் இரண்டு முனையிலும் மூடி. நான் திரைக்கு முன்னால் நின்றேன். கிரைண்டருக்குப் பொட்டு வைத்துவிட்டு, எனக்குச் சோறு போடுகிற குழாய்க்கு வைக்காமல் போக மனசு வரவில்லை. வெளியே வைத்தால் மேடம் கண்ணில் பட்டுவிடும். ஆகவே மூடியைத் திறந்து, உள்பக்கம், விளிம்பிலிருந்து கட்டை விரல் தூரத்தில் ஒரு பொட்டு வைத்தேன். மூடியைத் திரும்பப் போட்டேன். ஏழு குழாய், ஒவ்வொன்றிலும் ஒரு முனையில் மட்டும் ஒரு பொட்டு. நான் எவ்வளவு கெட்டிக்காரன் என்று எனக்கே பெருமையாக இருந்தது. இதை எழுதும்போது என்னை நானே ஒரு அறை விடலாம் போலிருக்கிறது.

அந்த வாரம் இரண்டு ஜாயின்ட் எக்ஸ்ரேயில் ஃபெயில் ஆயின. படத்தில், வெல்டின் அடிப்பகுதியில், மயிரிழை போல ஒரு விரிசல். இரண்டுமே பீகார்க்காரன் போட்டவை. நான் போட்ட மூன்றும் சுத்தமாக இருந்தன.

நிக்கலில் ஒரு விரிசல் என்றாலே பெரிய பேச்சு. அதுவும் அது கடலுக்கு நடுவில் விஷவாயு கலந்த எண்ணெய் போகப்போகிற குழாய். ஆர்கான் கேஸைப் பார்த்தார்கள், வெல்டிங் கம்பியைப் பார்த்தார்கள், மெஷினைப் பார்த்தார்கள். எல்லாம் சரியாக இருந்தது. மிச்சம் இருந்தது ஆள்தான். ஃபோர்மேன் என்னிடம் வந்து, நீ சீனியர், சொல், அவன் வேலை எப்படி என்று கேட்டார். அன்று காலை கேம்பில் தண்ணீர் வரவில்லை, குளிக்காமல் வந்த கடுப்பில் இருந்தேன். "ஹாத் டீக் நஹி," என்றேன். கை சரியில்லை. மூன்றே வார்த்தை. சொல்லிவிட்டுக் கண்ணாடியை இறக்கிக்கொண்டு என் வேலையைப் பார்த்தேன்.

மேடம் அவனைக் கூப்பிட்டு, உள்பக்கம் துடைத்தாயா என்று கேட்டார். அவன் தலையைக் குனிந்துகொண்டான். "மேரா கல்தி, மேடம்," என்றான். என் தவறுதான். புரபேஷன் முடியவில்லை, தவறை அவனே ஒப்புக்கொண்டாகிவிட்டது. அடுத்த வியாழக்கிழமை ஊருக்கு டிக்கெட் என்று ஆபீசில் சொல்லிவிட்டார்கள். வெல்டர்களுக்கு நம்பர் பொறித்த ஒரு ஸ்டாம்ப் உண்டு. போட்ட ஜாயின்டுக்குப் பக்கத்தில் அதைக் குத்த வேண்டும். அவன் ஸ்டாம்பை வாங்கி வைத்துக்கொண்டார்கள்.

எனக்குப் பாவமாகத்தான் இருந்தது. ஆனால் பொட்டு என் நினைவுக்கே வரவில்லை. வேண்டுமென்று மறந்தேன் என்று நினைக்க வேண்டாம். எங்கள் ஊரில் பொட்டு வைத்தால் நல்லதுதான் நடக்கும். கெட்டது நடந்த இடத்தில் யாராவது போய்ப் பொட்டைத் தேடுவார்களா?

ஞாயிற்றுக்கிழமை லீவு. பகல் பதினொரு மணி இருக்கும். துணி துவைத்துக் காயப்போட்டுவிட்டுக் கட்டிலில் சாய்ந்து எக்ஸ்-15 பற்றிய ஒரு பழைய அறிக்கையைப் படித்துக்கொண்டிருந்தேன். ஆங்கிலம் புரிகிற இடத்தில் படிப்பேன், புரியாத இடத்தில் படம் பார்ப்பேன். அதன் அதிவேகப் பயணத்தைப் பற்றிய பகுதி. விண்கலங்களைச் சேர்க்காவிட்டால், மனிதன் உட்கார்ந்து ஓட்டிய விமானத்தில் இன்றைக்கும் அந்த வேகத்தை எதுவும் மிஞ்சவில்லை. அந்தப் பயணத்துக்காக விமானம் முழுக்க ஒரு காப்புப் பூச்சு பூசி வெள்ளையாக்கியிருந்தார்கள். வாலுக்குக் கீழே, வேறொரு எஞ்சினைப் பிற்காலத்தில் மாட்டிப் பார்ப்பதற்காக, எரியாத ஒரு மாதிரி எஞ்சினைத் தொங்கவிட்டிருந்தார்கள். விமானம் இறங்கியதும் எல்லோரும் பைலட்டை விட்டுவிட்டு வால் பக்கம் ஓடினார்களாம். வாலின் கீழ்ப்பகுதியில் ஓட்டை. அந்த மாதிரி எஞ்சின் காற்றில் கிளப்பிய அதிர்ச்சி அலை பக்கத்து உலோகத்தில் அடித்து, அந்த ஓர் இடத்தில் மட்டும் சூடு தாறுமாறாக ஏறி, உலோகம் உருகிவிட்டது. விமானத்தின் உலோகம் சரியாகத்தான் இருந்தது. பைலட் சரியாகத்தான் ஓட்டினார். நல்லதுக்கு என்று ஒட்டவைத்த ஒரு சின்னப் பொருள்தான் அதைச் சுட்டது.

நான் எழுந்து உட்கார்ந்தேன். ஆபீசில் எல்லோரும் ஆளைப் பார்த்தார்கள், கம்பியைப் பார்த்தார்கள், கேஸைப் பார்த்தார்கள். குழாயில் ஒட்டவைத்தது என்ன என்று யாரும் கேட்கவில்லை. எப்படிக் கேட்பார்கள், ஒட்டவைத்தவன் நான். குங்குமத்தில் என்னென்ன கலக்கிறார்கள் என்று போனில் தேடினேன். ஈயம் என்று இருந்தது. ஒன்றிரண்டு இடத்தில் கந்தகச் சேர்மம் என்றும் இருந்தது. டூல்பாக்ஸ் டாக்கில் மேடம் விரல்விட்டு எண்ணிச் சொன்ன அதே பெயர்கள். காது இரண்டும் சூடாகிவிட்டன.

ஆனால் துடைத்திருந்தால் போயிருக்குமே. அவன் துடைக்காமல் விடுகிற ஆளா? சட்டைக்கு இஸ்திரி போடுகிறவன். அதுதான் எனக்குப் பிடிபடவில்லை. அதையே பிடித்துக்கொண்டு தப்பித்துவிடலாம் என்றும் பார்த்தேன். அவனே தன் தவறு என்று சொல்லிவிட்டான், நான் ஏன் நடுவில் போக வேண்டும்? சொன்னால் என் விசா போகும். துறையூரில் வாடகை வீட்டில் மனைவியும் இரண்டு பெண்களும். பெரியவள் பிளஸ் டூ. இங்கே வேலை போனால் அங்கே எனக்குக் காணி நிலமில்லை, கடையில்லை. பயமாக இருந்தது. அதை வேறு எப்படியும் சொல்லத் தெரியவில்லை.

அவன் உருளைக்கிழங்கு சுட்டுப் பிசைந்து, ரொட்டியோடு எனக்கும் ஒரு தட்டு கொண்டுவந்து வைத்தான். வியாழக்கிழமை ஊருக்குப் போகப்போகிறவன். எனக்கு ஒரு வாய் இறங்கவில்லை. போனில் அந்த ஓட்டையின் படம் அப்படியே திறந்து கிடந்தது. அதைச் செய்தவர்கள் எவ்வளவு பெரிய ஆட்கள். மறைக்க நினைத்திருந்தால் மறைத்திருக்கலாம். எந்தப் பக்கம், எவ்வளவு, எதனால் என்று எழுதி, படமும் போட்டு, சோனாப்பூரில் உட்கார்ந்திருக்கும் வெல்டர்கூடப் பார்க்கிற மாதிரி வைத்திருக்கிறார்கள். நான் ஒரு பொட்டை ஒளிக்கப் பார்க்கிறேன். எனக்கு என் மேலேயே கோபம் வந்தது. என் கோபம் ஒரு நல்ல காரியத்துக்குப் பயன்பட்டது வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான்.

திங்கட்கிழமை டூல்பாக்ஸ் டாக் முடிந்ததும் மேடத்தின் ஆபீசான போர்ட்டா கேபினுக்குப் போனேன். உட்காரச் சொன்னார். உட்காரவில்லை.

"மேடம், அந்தப் பையன் மேல தப்பில்ல. பூசை அன்னைக்கு நிக்கல் பைப்புக்கு உள்ள நான் பொட்டு வெச்சேன்."

"என்ன வெச்சீங்க?"

"பொட்டு. சந்தனம், குங்குமம். ஏழு பைப்புக்கு."

டீ கிளாஸை அப்படியே மேசைமேல் வைத்தார். டார்ச்சை எடுத்துக்கொண்டு முன்னால் நடந்தார். திரைக்குள் போய் ஒரு குழாயின் மூடியைத் திறந்து உள்ளே வெளிச்சம் அடித்தார். சிவப்பாக, ரூபாய் நாணயத்தைவிடச் சின்னதாக, நான் வைத்தது வைத்தபடியே இருந்தது. ஏழில் இரண்டு அவன் கைக்குப் போய் வெடித்துவிட்டன. மிச்சம் ஐந்து. என் கைக்கு வந்த மூன்றிலும் நான் வெல்டு செய்தது பொட்டில்லாத மறுமுனை. அதிர்ஷ்டம், வேறொன்றுமில்லை.

"எங்க ஊட்லயும் மிக்ஸிக்கு வெச்சேங்ணா, காருக்கு வெச்சேன்," என்றார். குரலில் திட்டுவதா வேண்டாமா என்று தெரியாத ஒரு தடுமாற்றம். "ஆனா மிக்ஸிய உருக்க மாட்டோமுங்களே."

அசிட்டோனில் நனைத்த வெள்ளைத் துணியை எடுத்தார். குழாய்க்குள் கையை நீட்டினார். பொட்டுக்கு அருகில் போன கை நின்றது. அந்த நொடியில்தான் எனக்கு ஏதோ உறைத்தது, என்னவென்று அப்போது சொல்லத் தெரியவில்லை. மேடம் கையை வெளியே எடுத்துத் துணியை என்னிடம் நீட்டினார்.

"நீங்க வெச்சதுங்க. நீங்களே துடைச்சிருங்க."

ஐந்தையும் துடைத்தேன். ஒவ்வொன்றையும் துடைக்கும் முன்னால் மனசுக்குள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டேன். துணி மஞ்சளும் சிவப்புமாகிவிட்டது. அதையே அவர் ஒரு பையில் போட்டு ஒட்டி, தேதி எழுதி, சாட்சியாக வைத்துக்கொண்டார்.

பிறகு நடந்தது நான் பயந்ததில் பாதிகூட இல்லை. வெடித்த ஜாயின்டில் ஒரு துண்டை வெட்டி லேபுக்கு அனுப்பினார்கள். ஈயம் இருந்தது. அறிக்கையில் காரணம் என்ற இடத்தில் மேடம் சிவப்புப் பூசைப் பொடி என்று ஆங்கிலத்தில் எழுதினார். எண்ணெய்க் கம்பெனியிலிருந்து வந்த வெள்ளைக்கார இன்ஸ்பெக்டர் என்னை வரச்சொல்லி, அது என்ன என்று கேட்டார். "ப்ளெஸ்ஸிங், சார்," என்றேன். அவர் என்னைப் பார்த்தார், மேடத்தைப் பார்த்தார், அறிக்கையைப் பார்த்தார். "ஓகே. நோ ப்ளெஸ்ஸிங் இன்சைட் தி பைப்," என்றார். யார்டின் வேலை விதிகளில் இப்போது அதற்கு ஒரு வரி இருக்கிறது. மெஷினுக்கும் வண்டிக்கும் வைக்கலாம், நிக்கல் இடத்துக்குள் கூடாது. ஒவ்வொரு ஆயுத பூஜைக்கும் அதைச் சத்தமாகப் படிக்கிறவன் நான்தான், தண்டனை என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

மேடம் ஒன்றை மட்டும் விடவில்லை. வைத்தது ஒரு தவறு, துடைக்காதது இன்னொரு தவறு என்றார். என் ஸ்டாம்பையும் வாங்கிக்கொண்டார். இரண்டு பேரும் மறுபடி டெஸ்ட் கொடுக்க வேண்டும், பாஸ் பண்ணினால் இரண்டு பேருக்கும் வேலை. வியாழக்கிழமை டிக்கெட் ரத்தானது. பத்து நாள் கழித்து டெஸ்ட். இரண்டு பேருடைய படத்திலும் ஒரு புள்ளிகூட இல்லை. வெட்டி எடுத்த இரண்டு ஜாயின்டையும் நாங்களே திரும்பப் போட்டோம். பெரிய குழாய், ஆளுக்குப் பாதி வட்டம்.

டெஸ்டுக்கு முன்னால் நடந்த ஒன்றைச் சொல்லாமல் தாண்டிவிட்டேன். நான் மேடத்திடம் சொன்ன அன்று மாலை, பஸ்ஸில் அவன் பக்கத்தில்தான் உட்கார்ந்தேன். பாரம் இறங்கியதும் எனக்கு வழக்கம்போலக் கோபம் வந்துவிட்டது.

"நீ ஒழுங்கா துடைச்சிருந்தா இவ்வளவும் நடந்திருக்குமா? ஏன் துடைக்கலை?" என்று கத்தினேன். முன் சீட்டுக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

அவன் ஜன்னல் பக்கம் பார்த்தபடியே மெல்லிய குரலில் சொன்னான். துடைத்தேன், அண்ணா. துணி அதன் பக்கத்தில் போனபோது பார்த்தேன். சிந்தூர். யாரோ உள்ளே ஒளித்துவைத்துக் கும்பிட்டிருக்கிறார்கள், அதை என் கையால் எப்படி அழிப்பேன்? அதைச் சுற்றித் துடைத்தேன்.

மேடத்தின் கை குழாய்க்குள் நின்றது எனக்கு அப்போதுதான் புரிந்தது. எங்கள் வீட்டுப் பெண்ணின் நெற்றியிலிருந்து அதை அழித்தால் கணவன் போய்விட்டான் என்று அர்த்தம். அவன் ஊரிலும் அதே அர்த்தம்தான்.

"அதை மேடம்கிட்ட சொல்லியிருக்கலாமே."

"யார் வெச்சதுன்னு கேப்பாங்க," என்றான். "பூஜை அன்னிக்கு நீ பொரி குடுத்தே. உன் விரல் சிவப்பா இருந்துச்சு." ஜன்னலிலிருந்து என் பக்கம் திரும்பி, "எனக்கு ஊர்ல வயல் இருக்கு அண்ணா. போனா உழுவேன். உனக்கு இல்லைன்னு நீயே சொல்லியிருக்கே," என்றான்.

இவ்வளவும் தெரிந்து வாயை மூடிக்கொண்டு ஊருக்குப் போக இருந்தவனிடம் நான் இன்னும் ஒன்றைச் சொல்லியாக வேண்டியிருந்தது. மன்னித்துக்கொள் என்பதற்கு மாஃப் கரோ என்று இந்தியில் சொல்லத் தெரியும். ஆனால் அது பஸ்ஸில் காலை மிதித்துவிட்டால் சொல்கிற வார்த்தையாகத்தான் எனக்குப் பழக்கம்.

"கை சரியில்லைன்னு ஃபோர்மேன்கிட்ட சொன்னது நான்தான்," என்றேன்.

"தெரியும்," என்றான். "அப்ப நான் உனக்குப் பின்னாலதான் நின்னேன்."

பஸ் சோனாப்பூர் கேட்டில் நின்றது. நான் எழுந்திருக்கவில்லை. அவன் தன் டிபன் டப்பாவோடு என் டப்பாவையும் சேர்த்து எடுத்துக்கொண்டு, வா அண்ணா, தண்ணி வந்திருக்கும், குளிக்கலாம் என்று சொல்லிவிட்டு இறங்கினான்.